பெனரில் வராத பிள்ளைகளைப் பற்றி



புலமைப்பரிசில் பெறுபேறு வந்ததிலிருந்து எல்லோருடைய கைபேசியும் பிள்ளைகளின் படங்களால் நிரம்பியிருக்கிறது. மாலை போட்ட பிள்ளை, கேக் வெட்டும் பிள்ளை, புள்ளியை எழுதிய அட்டையை நெஞ்சில் பிடித்திருக்கும் பிள்ளை. சித்தியடைந்த பிள்ளைகளுக்கும் அவர்களுக்குக் கற்பித்தவர்களுக்கும் வாழ்த்துகள். உழைத்திருக்கிறார்கள், சந்தோஷப்படட்டும். இந்தப் பதிவு மற்றப் பிள்ளைகளைப் பற்றியது.

இந்த 2025ஆம் வருடம் ஆகஸ்ட் 10ஆம் திகதி நாடு முழுவதும் 3 இலட்சத்துக்கும் அதிகமான பிள்ளைகள் இந்தப் பரீட்சையை எழுதினார்கள். வெட்டுப்புள்ளிக்கு மேலே போனவர்கள் ஏறக்குறைய ஆறு பேரில் ஒருவர். போன வருடமும் கிட்டத்தட்ட இதே கணக்குத்தான். 30 பிள்ளைகள் இருக்கும் வகுப்பென்றால் 5 பேர். மிச்சம் 25 பேர் இந்த வாரம் என்ன செய்கிறார்கள்? வீட்டுக்கு வரும் மாமியும் சாச்சியும் கேட்கிற முதல் கேள்விக்குப் பதில் சொல்லாமல் அறைக்குள் போகிறார்கள். "காய்ச்சல்" என்று சொல்லி ஒன்றிரண்டு பேரைப் பாடசாலைக்கு அனுப்பவில்லை. ஒரு பிள்ளை டீச்சரின் முகத்தைப் பார்க்காமல் காலைப் பார்த்துக்கொண்டு சலாம் சொல்கிறது. பத்து வயது.

பாலையூற்றில் இது ஒரு சமூகத்தின் பிரச்சினையும் இல்லை. பள்ளிவாசலுக்குப் போகிற வீடு, கோயிலுக்குப் போகிற வீடு, லூர்து அன்னை ஆலயத்துக்குப் போகிற வீடு எல்லாவற்றிலும் தரம் 5 பிள்ளை இருந்தால் அந்த வருடம் கல்யாணமும் இல்லை, பயணமும் இல்லை. பின்னேரமானால் எல்லாப் பிள்ளைகளும் ஒரே ரியூசன் வாங்கில்தான் உட்கார்ந்திருக்கிறார்கள்.

இந்தப் பரீட்சை எதற்காக வந்தது என்பதை நினைவுபடுத்திக்கொள்வது நல்லது. 1940களில், கன்னங்கரா அவர்கள் இலவசக் கல்விக்காகப் போராடிய காலத்தில், கிராமத்து ஏழைப் பிள்ளை ஒரு மத்திய கல்லூரிக்குப் போய்ப் படிக்க வழி வேண்டும் என்று வந்த ஏற்பாடு இது. இருக்கும் கொஞ்ச இடங்களுக்கு ஆள் தெரிவுசெய்யும் வேலை. இன்றைக்கும் அதன் பயன் இரண்டுதான். ஒன்று, வருமானம் குறைந்த குடும்பத்துப் பிள்ளைக்கு மாதாந்தம் ஒரு சிறு உதவிப்பணம். மற்றது, பெரிய பாடசாலை ஒன்றில் தரம் 6க்கு அனுமதி. ஏற்கெனவே நல்ல பாடசாலையில் இருக்கிற, வாப்பாவுக்கு ஓரளவு வருமானமும் உள்ள பிள்ளைக்கு இந்தப் பரீட்சையால் கிடைப்பது ஒரு இலக்கம் மாத்திரம். அந்தப் பிள்ளைதான் அதிகமாக அழுகிறது. அது பெரியவர்கள் பலர் கவனிக்காத விஷயம்.

வெட்டுப்புள்ளி மாவட்டத்துக்கு மாவட்டம், மொழிமூலத்துக்கு மொழிமூலம் வேறுபடும். அதே புள்ளியை எடுத்த இரண்டு பிள்ளைகளில் ஒன்று ஒரு மாவட்டத்தில் மாலை போட்டுக்கொண்டு நிற்கும், மற்றது இன்னொரு மாவட்டத்தில் கட்டிலுக்குக் கீழே ஒளித்திருக்கும். இவ்வளவு லேசாக ஆடுகிற ஒரு கோட்டைப் பிள்ளையின் மூளைக்கு வைத்த அளவுகோலாக எடுக்க முடியாது.

2024இல் நடந்ததும் மறந்திருக்காது. செப்டெம்பர் 15ஆம் திகதி பரீட்சை. முதலாம் வினாத்தாளின் சில கேள்விகள் முன்கூட்டியே வெளியானது தெரியவந்தது. பெற்றோர் வீதிக்கு இறங்கினார்கள், வழக்குப் போனது. டிசம்பர் 31ஆம் திகதி உயர் நீதிமன்றம், வெளியான மூன்று கேள்விகளுக்கும் எல்லாப் பிள்ளைகளுக்கும் முழுப் புள்ளி கொடுக்கும்படி உத்தரவிட்டது. 2025 ஜனவரியில்தான் பெறுபேறு வந்தது. நான்கு மாதம் அந்தப் பிள்ளைகள் அந்தரத்தில் தொங்கினார்கள். பெரியவர்கள் பிழை விட்டபோது குழு அமைத்தார்கள், விசாரித்தார்கள், நீதிமன்றம் போனார்கள், கடைசியில் திருத்தினார்கள். பத்து வயதுப் பிள்ளை ஒரு கணக்கைப் பிழையாகச் செய்தால் அதற்கு அரை நிமிடம்கூடக் கொடுப்பதில்லை.

பரீட்சை இருக்க வேண்டுமா, எடுத்துவிட வேண்டுமா என்பது கொழும்பில் பேசி முடிக்கிற விஷயம். பேசட்டும். ஆனால் பெறுபேறு வந்த நாளில் உடைந்துபோகிற பிள்ளை அன்றைக்கு உடைந்த பிள்ளை இல்லை என்பதை ஆரம்பப் பிரிவில் நிற்கிற நாங்கள் ஒவ்வொரு நாளும் பார்க்கிறோம். பிழை என்பது ஒளிக்க வேண்டிய ஒன்று என்று அந்தப் பிள்ளை தரம் 1இலேயே, சில வேளை அதற்கு முன்பே, பழகிவிடுகிறது. தரம் 5இல் ஒளிக்க இடமில்லாமல் போகிறது, அவ்வளவுதான்.

தரம் 1, 2 வகுப்புக்குள் வந்து பாருங்கள். ஒரு பிள்ளை எழுதிய எழுத்தை அழிறப்பரால் அழித்து அழித்துக் கொப்பித் தாளைக் கிழித்துவிடும். கிழிந்ததைப் பார்த்து அழும். இன்னொன்று ஒவ்வொரு எழுத்துக்கும் எழும்பி வந்து "டீச்சர் சரியா?" என்று கேட்கும். சரி என்று சொல்லாமல் அடுத்த எழுத்துக்குப் போகாது. இன்னொன்று இடது கையால் கொப்பியை மறைத்துக்கொண்டு எழுதும். கணிதப் பாடம் தொடங்கினால் வயிறு வலிக்கிற பிள்ளை இருக்கிறது. பென்சிலை எறிகிற பிள்ளை, பக்கத்துப் பிள்ளையின் விடையைப் பார்த்து எழுதுகிற பிள்ளை, "எனக்கு ஏலா" என்று மேசையில் தலையைச் சாய்க்கிற பிள்ளை எல்லாரும் இருக்கிறார்கள். பென்சிலை எறிகிறவனைக் குழப்படிகாரன் என்கிறோம், பார்த்து எழுதுகிறவளைக் கள்ளி என்கிறோம். இரண்டு பேரும் ஒரே பயத்துக்குத்தான் ஆளுக்கொரு வழி கண்டுபிடித்திருக்கிறார்கள். இவர்களைவிடக் கவலை தருகிற பிள்ளை ஒன்று உண்டு: தெரியாததைத் தெரியாது என்று ஒருநாளும் சொல்லாமல், சத்தம் போடாமல், கரும்பலகையைப் பார்த்தபடி இருக்கிற பிள்ளை. "நல்ல அமைதியான புள்ள" என்று பெற்றோர் சந்திப்பில் பாராட்டு வாங்குகிறது அதுதான்.

சிறு பிள்ளை விடுகிற பிழைகளில் பெரும்பாலானவற்றில் ஒரு நியாயம் இருக்கிறது. அதைத் தேடிப் பார்க்கிற பொறுமை இருந்தால் பாதிப் பிரச்சினை அங்கேயே தீரும்.

ஒரு பிள்ளை "பளம்" என்று எழுதுகிறது. சிவப்புப் பேனையால் சுழிக்கிறோம். நம் ஊரில் யார் "ழ" சொல்கிறோம்? வீட்டில், சந்தையில், ஓட்டோவில், ஏன், வகுப்பிலும்கூட "பளம்", "கெளம", "மள" என்றுதானே காதில் விழுகிறது. அந்தப் பிள்ளை தன் காதில் விழுந்ததை அப்படியே எழுத்தாக்கியிருக்கிறது. ஆறு வயதில் அது பெரிய வேலை. "நீங்க கேட்டது சரிதான் மகள். நாங்க சொல்றது ஒரு மாதிரி, எழுதுறது ஒரு மாதிரி. இந்தச் சொல்லுக்கு இந்த ழ" என்று சொன்னால் பிழையும் திருந்தும், பிள்ளையும் தன் காதை நம்பும். வெறும் சுழியைப் பார்த்தால் தனக்குத் தமிழ் வராது என்றுதான் நினைக்கும்.

கணக்கில் இது இன்னும் தெளிவாகத் தெரியும். 42இலிருந்து 17ஐக் கழிக்கச் சொன்னால் 35 என்று எழுதுகிற பிள்ளைகள் எந்த வகுப்பிலும் இருப்பார்கள். பிழை போட்டுக் கொப்பியைத் திருப்பிக் கொடுத்தால் அடுத்த கணக்கையும் அதே மாதிரித்தான் செய்யும். 53இலிருந்து 28 என்றால் 35 என்று எழுதும். "இத எப்படிச் செஞ்சீங்க, சொல்லுங்க பார்ப்பம்" என்று கேட்டால், "2இலிருந்து 7 போகாது, அதனால 7இலிருந்து 2 போனா 5" என்று சொல்லும். அது கவனக்குறைவு இல்லை. பிள்ளை தனக்கென்று ஒரு விதியைச் செய்து அதை ஒழுங்காகப் பின்பற்றுகிறது. ஐஸ்கிறீம் குச்சிகளைப் பத்துப் பத்தாக இறப்பர் பட்டி போட்டுக் கட்டி வைத்து, நாலு கட்டும் இரண்டு தனிக் குச்சியும் கையில் கொடுத்து, "இதிலிருந்து 17 தாங்க" என்று கேளுங்கள். கொஞ்ச நேரம் முழிக்கும். பிறகு தானாகவே ஒரு கட்டை அவிழ்க்கும். அந்த அவிழ்ப்பு நடந்தால் பத்துத் தரம் சொல்லிக் கொடுத்ததற்குச் சமம். எப்படிச் செய்தாய் என்று கேட்கும் வரைக்கும் பிள்ளைக்குள் இருக்கிற அந்த விதி வெளியே வராது. அடிக்கப் போகிற முகத்தோடு கேட்டாலும் வராது.

நம் ஊரில் முன்பள்ளிக்கே "மொண்டிசோரி" என்றுதான் பெயர். "பிள்ளய மொண்டிசோரிக்குச் சேர்த்தாச்சா?" என்றுதான் கேட்கிறோம். அது ஒரு மனுஷியின் பெயர். இத்தாலி நாட்டு வைத்தியர் மரியா மொண்டிசோரி, 1907இல் ரோம் நகரத்தின் ஏழைக் குடியிருப்பு ஒன்றில் பிள்ளைகளுக்கான வீடு ஒன்றைத் தொடங்கினார். 1939இல் இந்தியாவுக்கு வந்து சென்னை அடையாற்றில் ஆசிரியர்களைப் பயிற்றுவித்தவர். அவர் செய்த சாமான்களில் ஒன்று, பத்துக் குழி உள்ள ஒரு மரக்கட்டை. பத்துக் குழிக்கும் பத்து அளவில் உருளைகள். ஒன்றைப் பிழையான குழியில் போட்டால் கடைசியில் ஒரு உருளை மிஞ்சும், அல்லது இறங்காது. யாரும் "பிழை" என்று சொல்லத் தேவையில்லை. பிள்ளையே பார்க்கும், எடுக்கும், மாற்றிப் போடும். திட்டும் இல்லை, கைதட்டும் இல்லை. பிழையைச் சாமானே காட்டட்டும், பெரியவர் பக்கத்தில் சும்மா இருக்கட்டும் என்பது அவருடைய யோசனை. கல்வியியற் கல்லூரியில் இதைக் குறிப்பெழுதிப் படித்தோம். இன்றைக்கு அவருடைய பெயரைப் பலகையில் எழுதியிருக்கிற இடங்கள் சிலவற்றில் நாலு வயதுப் பிள்ளைக்கு வீட்டுவேலை, தவணைப் பரீட்சை, முதலாம் இரண்டாம் மூன்றாம் பிள்ளை எல்லாம் இருக்கிறது. நடத்துகிறவர்களை மாத்திரம் குறை சொல்ல முடியாது. வீட்டுவேலை கொடுக்காத முன்பள்ளியில் பெற்றோர் பிள்ளையை வைத்திருக்க மாட்டார்கள் என்பதும் உண்மை.

பாராட்டு விஷயத்துக்கும் வர வேண்டும். திட்டாமல் விட்டால் போதும், "கெட்டிக்காரன், கெட்டிக்காரன்" என்று சொல்லி வளர்த்தால் தைரியம் வரும் என்று நினைப்பவர்கள் நிறையப் பேர். 1998இல் அமெரிக்காவில் கிளோடியா மியுல்லர், கெரோல் டுவெக் என்ற இரண்டு உளவியலாளர்கள் ஒரு ஆய்வை வெளியிட்டார்கள். அவர்கள் எடுத்ததும் ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளைத்தான். முதலில் செய்யக்கூடிய புதிர்களைக் கொடுத்தார்கள். முடித்ததும் சிலரிடம் "நீ மூளைசாலி" என்றும், சிலரிடம் "நன்றாக முயற்சி செய்திருக்கிறாய்" என்றும் சொன்னார்கள். வித்தியாசம் அந்த ஒரு வசனம்தான். பிறகு கஷ்டமான புதிர்களைக் கொடுத்தார்கள், எல்லாரும் சறுக்கினார்கள். மூன்றாவதாக முதலில் கொடுத்த அளவுக்கு லேசானவற்றைக் கொடுத்தபோது, மூளைசாலி என்று கேட்ட பிள்ளைகள் முன்பு செய்ததைவிட மோசமாகச் செய்தார்கள். முயற்சியைப் பாராட்டக் கேட்டவர்கள் முன்பைவிட நன்றாகச் செய்தார்கள். இன்னொன்றும் நடந்தது. வேறொரு பாடசாலைப் பிள்ளைக்கு உங்கள் புள்ளியை எழுதுங்கள் என்று சொன்னபோது, மூளைசாலி என்று பாராட்டப்பட்ட பிள்ளைகளில் பத்தில் நாலு பேர் அளவில் புள்ளியைக் கூட்டிப் பொய்யாக எழுதினார்கள். யாரென்று தெரியாத ஒரு பிள்ளைக்கு!

இந்த ஆய்வை வைத்துப் பின்னால் பெரிய வியாபாரமே நடந்தது. "மனப்பாங்கை மாற்றினால் போதும், புள்ளி ஏறும்" என்று கருத்தரங்கு வைத்தார்கள். பிறகு பெரிய அளவில் செய்த ஆய்வுகளில் புள்ளியில் வந்த முன்னேற்றம் சின்னதுதான். அதனால் இதை மந்திரமாக எடுக்க வேண்டாம். ஆனால் அந்தப் பொய்ப் புள்ளியை மறக்க முடியவில்லை. கெட்டிக்காரன் என்ற பெயரைக் கொடுத்துவிட்டால், பிழை வரும்போது பிள்ளைக்கு அந்தப் பெயரைக் காப்பாற்றுகிற வேலையும் சேர்ந்து வருகிறது. கணக்கைக் கவனிக்க நேரமில்லாமல் போகிறது.

நம் மார்க்கத்தில் இதற்கு நல்ல வழிகாட்டல் இருக்கிறது. குர்ஆனைத் திறமையாக ஓதுகிறவருக்கு உயர்ந்த இடம் உண்டு. தட்டித் தடுமாறி, கஷ்டப்பட்டு ஓதுகிறவருக்கு இரண்டு கூலி உண்டு என்று கருத்துள்ள ஹதீஸை ஜும்ஆ பயான்களில் கேட்டிருக்கிறோம். ஒன்று ஓதியதற்கு, மற்றது கஷ்டப்பட்டதற்கு. பெரியவர்களுக்குச் சொல்கிற இந்தச் செய்தி, அலிஃப் பா ஓதுகிற ஏழு வயதுப் பிள்ளைக்கு ஏன் போய்ச் சேர்வதில்லை? "தடுமாறினாலும் பரவாயில்ல மகன், ஒங்களுக்கு ரெண்டு நன்மை" என்று ஒரு ஹஸரத் சொல்லிவிட்டால் அந்தப் பிள்ளை மறுநாள் ஓதப் போக அடம்பிடிக்குமா? பிள்ளைகளிடம் அப்படிப் பேசுகிற ஹஸரத்மார் இருக்கிறார்கள். பிரம்பை மடியில் வைத்துக்கொண்டு ஓதிக்கொடுக்கிற இடங்களும் இருக்கின்றன. பாடசாலைகளில் உடல்ரீதியான தண்டனை கூடாது என்று கல்வி அமைச்சு 2005/17ஆம் இலக்கச் சுற்றறிக்கையிலேயே சொல்லிவிட்டது. இருபது வருடமாகிறது. பிரம்பு குறைந்திருக்கிறது, உண்மை. வாயால் அடிப்பது குறையவில்லை.

"நாங்க அடி வாங்கித்தானே படிச்சோம், கெட்டா போயிட்டோம்?" என்று கீழே ஒருவராவது எழுதுவார், தெரியும். அப்படிப் படித்து மேலே வந்தவர்கள்தான் இன்று எழுதுகிறார்கள். அந்த அடியோடு பாடசாலையை விட்டுப் போனவர்கள் முகநூலில் கருத்து எழுதுவதில்லை. அவர்களில் சிலர் நம் வகுப்பில் இருந்தவர்கள்தான், பெயர் ஞாபகம் இருக்கும்.

அப்படியென்றால் பிழையைத் திருத்தவே கூடாதா? திருத்தத்தான் வேண்டும். பிழையைச் சரி என்று சொல்வது பிள்ளைக்குச் செய்கிற துரோகம். கேள்வி, எப்போது, எந்த முகத்தோடு என்பதுதான்.

பிள்ளை கொப்பியை எறிந்துவிட்டு அழுகிற நேரத்தில் பாடம் போகாது. ஆறு ஏழு வயதில் ஆத்திரம் வந்தால் அதைத் தானாக இறக்கி வைக்கத் தெரியாது, பக்கத்தில் ஒரு அமைதியான பெரியவர் வேண்டும். "இதுக்கெல்லாம் அழுவாங்களா?" என்று கேட்டால், அழுகைக்கு மேல் வெட்கமும் சேரும். "ஏலாம இருக்குது, கோவம் வருது, என்ன?" என்று கேட்டுவிட்டுக் கொஞ்சம் சும்மா இருங்கள். தண்ணீர் கொடுங்கள். அழுகை அடங்கிய பிறகு திரும்பக் கொப்பிக்கு வர வேண்டும். இதுதான் முக்கியம். பத்துக் கணக்கை மூன்றாகக் குறைக்கலாம், முதல் கணக்கைச் சேர்ந்து செய்யலாம். ஆனால் விட்டுவிட்டு எழும்பக் கூடாது. அழுதால் வேலை போய்விடும் என்று பழகினால் அடுத்த முறையும் அழுகைதான் வரும். நீங்களே செய்து கொடுத்துவிடவும் கூடாது. இன்றைக்கு உதவியோடு செய்வதை நாளைக்குப் பிள்ளை தனியாகச் செய்யும் என்று ரஷ்யாவின் வைகொட்ஸ்கி சொன்னதைத்தான் "அண்மை விருத்தி வலயம்" என்று படிப்பித்தார்கள். பெயர் பெரிது, வேலை சின்னது: எவ்வளவு உதவி என்று பார்த்து, மெதுவாகக் கையை எடுப்பது.

இது நம் வீடுகளுக்குத் தெரியாத வித்தையுமில்லை. கடலுக்குப் போகிற வாப்பா, மகனிடம் சிக்குப்பட்ட தங்கூசியைக் கொடுத்து அவிழ்க்கச் சொல்வார். இழுத்தால் முடிச்சு இறுகும். பையன் ஆத்திரத்தில் இழுப்பான், இன்னும் இறுகும். "இழுக்காத, தளர்த்து, நுனி எங்க எண்டு பாரு" என்பார். பறித்து அவிழ்த்தும் கொடுக்க மாட்டார், கத்தவும் மாட்டார், அவருடைய கை வேறு வேலையில் இருக்கும். சைக்கிள் பழக்குகிற நாநாவும் அப்படித்தான். விழுந்தால் சிரிப்பார், தூக்குவார், திரும்ப ஏற்றுவார். எத்தனை தரம் விழுந்தாய் என்று யாரும் கொப்பியில் எழுதி வைப்பதில்லை. அதே வாப்பா, அதே நாநா, தவணைப் பரீட்சை வினாத்தாள் கைக்கு வந்தவுடன் வேறு ஆளாகிவிடுகிறார்கள்.

கட்டாரிலும் சவூதியிலும் இருக்கிற வாப்பாமார் இதைப் படித்தால் ஒரு விஷயம். உங்களுக்கு வேலைக்கும் தூக்கத்துக்கும் இடையில் கிடைக்கிறது பத்து நிமிடம். அந்தப் பத்து நிமிடத்தில் "எத்தன புள்ளி?" என்பதுதான் லேசாகக் கேட்கக்கூடிய கேள்வி, விளங்குகிறது. பிள்ளையிடம் அதை மாற்றிக் கேட்டுப் பாருங்கள்: "இண்டைக்கு எது கஷ்டமா இருந்திச்சு?" முதல் ஒன்றிரண்டு நாள் "ஒண்டுமில்ல" என்று சொல்லும். பிறகு சொல்லத் தொடங்கும். அதற்குப் பதில் சொல்லத் தேவையில்லை, கேட்டால் போதும். வேலையிடத்தில் உங்களுக்கு என்ன சறுக்கியது என்பதையும் சொல்லுங்கள். வாப்பாவுக்கும் பிழை வரும், வாப்பாவும் திரும்பச் செய்வார் என்பது பிள்ளைக்குப் பெரிய செய்தி. உம்மாமாருக்கும் இதுவே. ரொட்டி கருகினால் "அடடா, நெருப்புக் கூடிப்போச்சு, அடுத்தத பார்ப்பம்" என்று சத்தமாகச் சொல்லுங்கள். பிள்ளை பார்த்துக்கொண்டுதான் இருக்கும்.

இனி இந்த வாரத்துக்கு வருவோம். வெட்டுப்புள்ளிக்குக் கீழே வந்த பிள்ளையிடம் என்ன சொல்வது என்று சில உம்மாமார் கேட்டார்கள். "பரவாயில்ல, அது ஒண்டுமில்ல" என்று சொல்ல வேண்டாம். ஒரு வருடம் விளையாட விடாமல் அதற்காகத்தான் படிப்பித்தோம், இப்போது ஒன்றுமில்லை என்றால் பிள்ளை நம்பாது. "கவலையாத்தான் இருக்கும். எங்களுக்கும் கொஞ்சம் கவலை. நீங்க படிச்ச படிப்பு எங்கயும் போகல, தரம் 6இல கணக்கு வரும்போது அது கையில இருக்கும்" என்று உள்ளதைச் சொல்லலாம். மாமிட மகனின் புள்ளியை இந்த வீட்டில் சொல்ல வேண்டாம். வருகிறவர்கள் கேட்டால் பிள்ளைக்குப் பதிலாக நீங்கள் முந்திக்கொண்டு, "அல்ஹம்துலில்லாஹ், நல்லா எழுதினா" என்று கதையை மாற்றுங்கள். வினாத்தாளை இப்போது தூக்கிப் பிடித்து எங்கே புள்ளி போனது என்று விசாரிக்க வேண்டாம். 

ஒரு வாரத்துக்குப் பிறகும் பிள்ளை சாப்பிடாமல், தூங்காமல் இருந்தால், விட்டிருந்த படுக்கையில் சிறுநீர் போகிற பழக்கம் திரும்ப வந்தால், "நான் இல்லாட்டி நல்லம்" என்கிற மாதிரி ஒரு சொல் விழுந்தால், அதைப் பிடிவாதம் என்று விடாதீர்கள். கடைசியாகச் சொன்னதற்கு ஒரு வாரம் பொறுக்கவும் வேண்டாம், அன்றைக்கே வைத்தியரிடம் காட்டுங்கள். தேசிய மனநல உதவி இலக்கம் 1926. பிள்ளைகளுக்கு 1929. வெட்கப்பட ஒன்றுமில்லை.

படம் போடுகிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் பிள்ளையின் சந்தோஷத்தைப் பகிருங்கள், புள்ளியை எழுதாமல் பகிருங்கள். அந்தப் படத்தைப் பக்கத்து வீட்டில் இன்னொரு தரம் 5 பிள்ளையும் பார்க்கிறது. நாளைக்கு உங்கள் பிள்ளைக்கும் சாதாரண தரம், உயர்தரம் என்று இன்னும் சறுக்குகிற இடங்கள் வரும். பத்து வயதில் கேட்டுக்கு முன்னால் பெனரில் தொங்கிய பிள்ளைக்கு அந்த நேரம் ஒளிப்பதற்கு இடம் குறைவு.

பாடசாலை அபிவிருத்திச் சங்கங்களுக்கும் ரியூசன் நடத்துகிற நண்பர்களுக்கும், பழைய மாணவர்களுக்கும்: பெனர் அடிக்கக் காசு சேர்த்திருப்பீர்கள். இந்த வருடம் அச்சுக்குக் கொடுத்துவிட்டால் பரவாயில்லை, சித்தியடைந்த பிள்ளைகளின் ஆசையைக் கெடுக்க வேண்டாம். அடுத்த வருடத்துக்கான காசில் தரம் 1, தரம் 2 வகுப்புகளுக்கு வாசிப்புப் புத்தகங்களும், எண்ணுகிற குச்சிகளும், எழுதி அழிக்கிற சிறிய வெண்பலகைகளும் வாங்கித் தாருங்கள். பலகையில் எழுதினால் விரலால் துடைத்துவிட்டுத் திரும்ப எழுதலாம், தாள் கிழியாது. ஒரு வகுப்புக்கு முப்பது பலகை போதும். எந்தக் கடையில் எந்த விலைக்குக் கிடைக்கும் என்று தெரிந்தவர்கள் கீழே எழுதுங்கள், தவணை தொடங்க முதல் கணக்குப் பார்ப்போம்.